மதுரையில் விற்கும் ‘ஆக்டோபஸ் டேங்க்’ செட்: வாங்கும் முன் மூடியைப் பாருங்கள்

பைபாஸ் ரோடு பக்கம் ஒரு வண்ணமீன் கடையில் மூன்றடிக் கடல்நீர்த் தொட்டியை ‘ஆக்டோபஸ் டேங்க்’ என்று சொல்லி முழுச் செட்டாகப் போட்டுக் கொடுக்கிறார்கள். கண்ணாடித் தொட்டி, ஸ்டாண்டு, கீழே சம்ப் (தண்ணீர் இறங்கி வடிகட்டப்படும் சின்னத் தொட்டி), ஸ்கிம்மர் (கழிவை நுரையாகப் பிரித்தெடுப்பது), ரிட்டர்ன் மோட்டார் (சம்புத் தண்ணீரை மேலே ஏற்றுவது), எல்.இ.டி. விளக்கு, அக்ரிலிக் மூடி, முதல் தடவை நிரப்பக் கடல்நீர், கடைசியாகத் தூத்துக்குடிப் பக்கமிருந்து ஓர் ஆக்டோபஸ். வீட்டுக்கு வந்து பொருத்துவதும் பதினைந்து நாளுக்கு ஒருமுறை ஆள் வந்து சுத்தம் செய்வதும் விலைக்குள் அடக்கம். இதே மாதிரி செட்டை ஊரில் வேறு சிலரும் விற்கிறார்கள் என்பதால் கடைப் பெயர் இங்கே வேண்டாம். முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம்: கோமாளி மீன் வளர்க்க இது நல்ல செட். ஆக்டோபஸுக்கு என்று இதை இப்படியே வாங்கினால், அந்த உயிர் ஒரு சித்திரையைத் தாண்டுவது கஷ்டம். மூடி, குளிர்ச்சி, தண்ணீர் மூன்றையும் மாற்றினால்தான் அந்தப் பெயருக்கு இது தகுதியாகும்.

நல்லதை முதலில் சொல்ல வேண்டும். தொட்டி 3 அடி நீளம், ஒன்றரை அடி அகலம், ஒன்றரை அடி உயரம். கண்ணாடி 10 மி.மீ. சிலிக்கான் பூச்சு சீராக இருக்கிறது, மூலைகளில் காற்றுக்குமிழி இல்லை. ஸ்டாண்டு சதுரக் குழாயில் வெல்டிங் செய்து, துருப்பிடிக்காமல் இரண்டு கோட் பெயின்ட் அடித்தது. பொருத்த வரும் பையன்கள் ரசமட்டம் வைத்துப் பார்த்து, தொட்டிக்கு அடியில் தெர்மாகோல் விரித்துத்தான் ஏற்றுகிறார்கள். தண்ணீர், கல், கண்ணாடி எல்லாம் சேர்த்து 300 கிலோவுக்குக் குறையாது. மாடி வீடு என்றால் சுவரை ஒட்டி, பீம் போகும் இடத்தில் வைக்கச் சொல்கிறார்கள். அது சரியான யோசனை. கண்ணாடி வேலையில் குறை சொல்ல ஒன்றுமில்லை.

மூடியில்தான் எல்லாம் கெடுகிறது. கொடுப்பது 3 மி.மீ. அக்ரிலிக் தகடு இரண்டு, ஒன்றின் மேல் ஒன்று நகருகிற மாதிரி. பின்பக்கம் ஹோஸும் ஒயரும் போக இரண்டு அங்குலம் வெட்டி விட்டிருக்கிறார்கள். அக்ரிலிக் ஈரத்தை உறிஞ்சி உப்பும். அடிப்பக்கம் எந்நேரமும் ஈரம், மேல்பக்கம் விளக்கின் சூடு என்று இருந்தால், சில வாரத்தில் தகடு வளைந்து நான்கு மூலையும் மேலே தூக்கிக்கொள்ளும். கேட்டால், “மேல ஒரு செங்கல்ல வச்சுருங்கண்ணே, ஒண்ணும் ஆகாது” என்கிறார்கள். செங்கல் நடுவில் இருக்கும்; சந்து ஓரத்தில் இருக்கும்.

ஆக்டோபஸுக்கு எலும்பு கிடையாது. வாயிலிருக்கும் அலகும், மூளையைச் சுற்றிய குருத்தெலும்பும் தவிர அதன் உடம்பில் கெட்டியான பாகம் அநேகமாக இல்லை. அலகு நுழையும் சந்து இருந்தால் மீதி உடம்பும் பின்னாலேயே வந்துவிடும். உள்ளங்கை அளவு விலங்குக்கு ஒரு ரூபாய் நாணயம் அளவு ஓட்டை போதும். இந்தச் செட்டில் பின்பக்க வெட்டு அதைப் போலப் பல மடங்கு.

சந்து இருந்தால் அதைக் கண்டுபிடிக்குமா என்பது அடுத்த கேள்வி. கண்டுபிடிக்கும். சாதாரண ஆக்டோபஸின் நரம்பு மண்டலத்தில் சுமார் 50 கோடி நரம்பணுக்கள் உண்டு. அதில் மூன்றில் இரண்டு பங்கு தலையில் இல்லை, எட்டுக் கைகளில் பரவியிருக்கிறது. ஒவ்வொரு கையும் பாதி வேலையைத் தானே யோசித்துச் செய்துகொள்ளும். கையிலுள்ள உறிஞ்சிகள் வெறுமனே பிடிப்பதற்கு மட்டும் இல்லை, தொட்ட இடத்தின் ருசியையும் அறியும். அதற்கான தனி உணர்விகள் உறிஞ்சித் தோலில் இருப்பதை 2020இல் ஹார்வர்டு ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள். இரவில் விளக்கை அணைத்துவிட்டுச் சிவப்பு டார்ச் ஒன்றைத் தள்ளிப் பிடித்துப் பாருங்கள். கண்ணாடியில் ஏறி, விளிம்பில் ஒரு கையை நீட்டி, நுனியை மட்டும் மூடியின் ஓரமாக மெதுவாக ஓட்டிக்கொண்டே போகும். சந்து தட்டுப்பட்ட இடத்தில் நுனி நிற்கும். அங்கே மட்டும் இரண்டு மூன்று தடவை உள்ளே விட்டு எடுக்கும். அடுத்த நாள் இரவு நேராக அந்த இடத்துக்கே வரும்.

நியூசிலாந்தில் நேப்பியர் ஊரின் தேசிய மீன்காட்சியகத்திலிருந்து 2016இல் இங்கி என்ற ஆக்டோபஸ் வெளியேறியது உலகச் செய்தியானது. பராமரிப்புக்குப் பிறகு மூடியில் சின்னச் சந்து விட்டுப்போயிருந்தது. அதன் வழியாக வெளியே வந்து, தரையைக் கடந்து, கடலில் போய் முடிகிற 50 மீட்டர் வடிகால் குழாய்க்குள் போய்விட்டது. நேப்பியரில் குழாயின் மறுமுனையில் கடல் இருந்தது. மதுரையில் வெளியே வந்தால் டைல்ஸ் தரைதான்; மே மாதத்தில் சில நிமிடங்களில் தோலும் செவுளும் காய்ந்துவிடும். காலையில் சோபாவுக்கு அடியில் கண்டெடுப்பார்கள்.

மூடியை இப்படி மாற்றலாம். 8 மி.மீ. கண்ணாடியில், தொட்டியின் மேல்பரப்பு முழுவதையும் மூடுகிற மாதிரி ஒரே பலகை வெட்டி வாங்குங்கள். எட்டுக் கிலோ வரும், வளையாது. நான்கு பக்கமும் துருப்பிடிக்காத கிளாம்ப் போட்டு இறுக்க வேண்டும். எடையை மட்டும் நம்பக் கூடாது. தீனி போட ஒரு மூலையில் தனியாகச் சின்னக் கதவு, அதற்கும் கொக்கி. ஒயரும் ஹோஸும் வருகிற துளைகளை அவற்றின் குறுக்களவுக்கே துளைத்து, எலெக்ட்ரிக்கல் கடையில் கிடைக்கும் கேபிள் கிளாண்டு போட்டு இறுக்குங்கள். சம்புக்குத் தண்ணீர் இறங்கும் இடத்தில் சீப்பு மாதிரி வெட்டிய பல்லின் இடைவெளி இந்தச் செட்டில் 8 மி.மீ.; சின்ன ஆக்டோபஸ் அதன் வழியாகவே சம்புக்கு இறங்கிவிடும். 3 மி.மீ. பிளாஸ்டிக் வலை வைத்துக் கட்டுங்கள். அந்த வலையை இரண்டு நாளுக்கு ஒருமுறை தேய்த்துக் கழுவ வேண்டும். பாசி அடைத்தால் தண்ணீர் இறங்காமல் தொட்டி பொங்கி வழியும்.

இன்னொரு வழியும் இருக்கிறது, பெரிய மீன்காட்சியகங்களில் செய்வது. தொட்டியின் மேல்விளிம்பில் உள்பக்கமாக நான்கு அங்குல அகலத்துக்குச் செயற்கைப் புல் விரிப்பை ஒட்டுவார்கள். வழவழப்பான பரப்பில்தான் உறிஞ்சி காற்றுப்புகாமல் பிடிக்கும். புல்லில் பிடி கிடைக்காது. அந்த விரிப்பு ஊரில் எங்கும் கிடைக்கிறது. சாயம் போகிறதா என்று உப்புத் தண்ணீரில் இரண்டு நாள் ஊறவைத்துப் பார்த்துவிட்டு, பூஞ்சை தடுப்பு மருந்து கலக்காத சிலிக்கானால் ஒட்டி, 48 மணி நேரம் காயவிடுங்கள். இது மூடிக்கு மாற்று ஆகாது, மூடிக்குத் துணை.

விளக்கையும் கவனிக்க வேண்டும். செட்டில் வருவது தொட்டிக்கு மேலே இரண்டு கம்பியில் நிற்கும் சாதாரண எல்.இ.டி., தண்ணீர் புகாத உறை கிடையாது. ஜெர்மனியில் கோபுர்க் ஊரின் மீன்காட்சியகத்தில் 2008இல் ஓட்டோ என்ற ஆக்டோபஸ் மேலேயிருந்த விளக்கின் மீது தண்ணீரைப் பீய்ச்சியடித்துப் பலமுறை ஷார்ட் ஆக்கியது. குறிபார்த்துப் பீய்ச்சுவது அவற்றுக்குக் கைவந்த வேலை. உப்புத் தண்ணீரும் கரண்டும் சேருகிற இடம் இது. 30 மில்லிஆம்பியர் ஆர்.சி.சி.பி. (கரண்ட் கசிந்தால் தானே அணைக்கும் சுவிட்ச்) ஒன்று இந்தத் தொட்டிக்கென்றே போடாமல் பிளக்கைச் சொருகாதீர்கள். ஒயர்கள் பிளக் பாயிண்ட்டுக்குக் கீழே தொங்கி வளைந்து மேலே ஏற வேண்டும். வழிகிற சொட்டு அந்த வளைவில் கீழே விழுந்துவிடும்.

இனி வெயில். செட்டில் சில்லர் (தண்ணீரைக் குளிர்விக்கும் இயந்திரம்) இல்லை, இரண்டு சின்ன ஃபேன் கொடுக்கிறார்கள். ஃபேன் தண்ணீரை ஆவியாக்கி இரண்டு மூன்று டிகிரி குறைக்கும். மதுரையில் ஏப்ரல், மேயில் வெளியே 38, 40 என்று போகும்போது மூடிய அறையில் தொட்டித் தண்ணீர் 33ஐத் தொடும். ஃபேன் அதை 30, 31க்குத்தான் கொண்டுவரும். இறுக்கமான மூடி போட்டபின் ஃபேனால் அதுவும் முடியாது. மன்னார் வளைகுடாவிலும் கோடையில் தண்ணீர் சூடாகத்தானே இருக்கிறது என்று கடையில் கேட்கிறார்கள். கடலில் ஆக்டோபஸ் ஆழத்துக்கு இறங்கிக்கொள்ளும், அலை காற்றைக் கலக்கும், கழிவு நிற்காது. இந்த 190 லிட்டர் தொட்டியில் இந்த மூன்றும் கிடையாது. கடல்நீர் 25 டிகிரியில் லிட்டருக்கு ஏறத்தாழ 6.8 மில்லிகிராம் ஆக்சிஜன் தாங்கும். 32 டிகிரியில் 6தான். சூடு ஏறும்போது விலங்குக்குத் தேவைப்படும் ஆக்சிஜனோ கூடுகிறது. உடம்புப் பையின் ஓரம் விரிந்து சுருங்கும் வேகத்தைப் பார்த்தாலே தெரியும்; அதுதான் அதன் மூச்சு. சும்மா உட்கார்ந்திருக்கும்போதும் அது படபடவென்று அடித்தால் முதலில் தெர்மாமீட்டரைப் பாருங்கள்.

25, 26 டிகிரியில் நிறுத்துவதுதான் இலக்கு. பத்தில் ஒரு எச்.பி. சில்லர் ஐப்பசியிலிருந்து மாசி வரை போதும், சித்திரையில் நிற்காமல் ஓடிச் சூடேறும். கால் எச்.பி. வாங்குங்கள். சில்லர் தண்ணீரிலிருந்து எடுக்கும் சூட்டை அறைக்குள்தான் தள்ளும். ஸ்டாண்டின் அடி அலமாரிக்குள் அதை வைத்துக் கதவை மூடினால் தன் சூட்டையே திரும்ப இழுத்துக்கொண்டு ஓடும். சுவரைத் துளைத்து பால்கனியிலோ ஜன்னல் ஓரமோ வையுங்கள். ‘மினி சில்லர்’ என்று விற்கும், கம்ப்ரசர் இல்லாத பெல்டியர் வகை இந்த அளவுத் தொட்டிக்கு உதவாது.

மின்வாரியத்தின் மாதாந்திரப் பராமரிப்பு நாளில் காலை 9 முதல் மாலை வரை கரண்ட் இருக்காது. வீட்டு இன்வெர்ட்டரில் ரிட்டர்ன் மோட்டாரும் ஏர் பம்ப்பும் ஓடும். சில்லர் கிளம்பும்போது இழுக்கும் கரண்ட்டைப் பெரும்பாலான வீட்டு இன்வெர்ட்டர்கள் தாங்காது. முதல் நாள் இரவே ஒரு லிட்டர் பாட்டில்களில் ஆர்.ஓ. தண்ணீர் நிரப்பி ஃப்ரீசரில் வையுங்கள். முழுதாக உறைந்த இரண்டு பாட்டில் 190 லிட்டரில் ஏறத்தாழ ஒரு டிகிரி குறைக்கும். பாட்டில் மூடியைத் திறக்காமல் சம்பில் மிதக்கவிட வேண்டும்; மெயின் தொட்டியில் போட்டால் ஆக்டோபஸ் கட்டிப் பிடித்துக்கொள்ளும், தோலுக்கு ஆகாது. இரண்டு மணி நேரத்துக்கு இரண்டு பாட்டில் என்று கணக்கு வைத்துக்கொண்டு, தெர்மாமீட்டரைப் பார்த்துக் கூட்டவோ குறைக்கவோ செய்யுங்கள். பேட்டரியில் ஓடும் ஏர் பம்ப் ஒன்று கட்டாயம் கையில் இருக்கட்டும்.

தண்ணீர் விஷயத்தில் கடை சொல்லாத ஒன்று இருக்கிறது, இது உயிர் போகிற விஷயம். முதல் தடவை கேனில் கடல்நீர் கொண்டுவந்து நிரப்புகிறார்கள். அதற்குப்பின் ஆவியாகிக் குறைவதை ஈடுகட்ட “வீட்டு ஆர்.ஓ. தண்ணி ஊத்துங்க” என்கிறார்கள். இப்போது வீடுகளில் மாட்டும் ஆர்.ஓ. பில்டர்களில் பல, குடிப்பவர் நலத்துக்கென்று தண்ணீரில் செம்பு சேர்த்துத் தருபவை. ஆக்டோபஸின் ரத்தத்திலேயே செம்பு உண்டு. நம் ரத்தத்தில் இரும்பு செய்யும் வேலையை அதில் செம்பு செய்கிறது, அதனால்தான் அதன் ரத்தம் நீலம். ஆனாலும் தண்ணீரில் கரைந்த செம்பு அதற்குக் கொடிய நஞ்சு. மீன் சமாளிக்கும் அளவே இதைக் கொன்றுவிடும். செம்புப் பானையில் ஊற்றி வைத்த தண்ணீரும் அப்படியே. செம்பு வரும் கேட்ரிட்ஜுக்கு முன்னால், வடிகட்டும் சவ்வான மெம்பிரேனிலிருந்து நேராக ஒரு குழாய் பிரித்து எடுத்துக்கொள்ளுங்கள். சுவைக்காகப் போர் தண்ணீரைத் திரும்பக் கலக்கும் டி.டி.எஸ். (கரைந்த உப்பின் அளவு) திருகு இருந்தால் அதையும் தாண்டி எடுக்க வேண்டும். டி.டி.எஸ். மீட்டரில் 10க்குள் வந்தால் ஊற்றலாம்.

செகண்ட் ஹேண்ட் தொட்டி எடுத்தால் விலை குறைத்துத் தருவதாகவும் கடையில் சொல்கிறார்கள். மீனுக்கு வரும் வெள்ளைப்புள்ளி நோய்க்குச் செம்பு மருந்து ஊற்றிய தொட்டி என்றால் கல்லிலும் மணலிலும் சிலிக்கானிலும் செம்பு ஊறியிருக்கும். பல மாதம் கழித்தும் கசியும். ஆக்டோபஸுக்குப் பழைய தொட்டியே வேண்டாம்.

பிறகு தண்ணீர் மாற்றும்போது செயற்கைக் கடலுப்பு வாங்கிக் கரைக்க வேண்டும்: லிட்டருக்கு ஏறத்தாழ 38 கிராம், உப்பளவு 35 (ஆயிரத்தில் 35 பங்கு), பி.எச். 8.0 முதல் 8.3. முந்தின நாளே கரைத்து, இரவு முழுக்க மோட்டார் ஓடவிட்டு, மறுநாள் ஊற்றுங்கள். உப்பளவு பார்க்கச் செட்டில் வரும் முள் ஆடுகிற பிளாஸ்டிக் ஹைட்ரோமீட்டரை நம்பாதீர்கள். முள்ளில் ஒரு காற்றுக்குமிழி ஒட்டினாலே அளவு மாறிவிடும். ஒளி வளைவதை வைத்து உப்பளவு காட்டும் ரிஃப்ராக்டோமீட்டர் வாங்கி, அதோடு வரும் 35 அளவுத் திரவத்தால் சரிபார்த்து வையுங்கள். ஆவியாகிக் குறைவதற்கு நல்ல தண்ணீர்தான் ஊற்ற வேண்டும், உப்புத் தண்ணீர் ஊற்றினால் நாளுக்கு நாள் உப்பு ஏறிக்கொண்டே போகும்.

‘ஏழு நாளில் தொட்டி தயார்’ என்று ஒரு பாக்டீரியா பாட்டிலும் தருகிறார்கள். இரண்டு கோமாளி மீனுக்கு அது எப்படியோ, ஆக்டோபஸுக்கு, கழிவை முறிக்கும் பாக்டீரியா போதுமான அளவு பெருக, மூன்று மாதம் தொட்டி ஓடியிருக்க வேண்டும். அதே எடை மீனைவிட இது அதிகமாகத் தின்று அதிகமாகக் கழிக்கும். கழிவிலிருந்து உண்டாகும் நஞ்சுகளான அம்மோனியா, நைட்ரைட் இரண்டும் பூஜ்ஜியத்தில் நிற்க வேண்டும். செட்டின் ஸ்கிம்மர் 200 லிட்டருக்கு உரியது. அதில் இரண்டு மடங்கு திறனுள்ளதைக் கேளுங்கள், வித்தியாசத் தொகை கொடுத்தால் மாற்றித் தருகிறார்கள். கரித்தூள் பை ஒன்று எப்போதும் சம்பில் இருக்கட்டும். பயந்து மை கக்கினால் மூடிய தொட்டியில் அது செவுளில் படிந்து மூச்சை அடைக்கும். உடனே 30 விழுக்காடு தண்ணீரை மாற்றிக் கரியையும் புதிதாகப் போட வேண்டும்.

‘லைவ் ராக்’ என்று கடலிலிருந்து எடுத்த பவளக்கல் வேண்டுமா என்று யாராவது காதோடு கேட்டால் வேண்டாம் என்று சொல்லுங்கள். பவளம் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கிறது. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகள் 1986இலிருந்து தேசியப் பூங்கா. வளர்ப்புக்கென்று விற்கும் பீங்கான் கல் போதும். இந்தக் கடையில் பீங்கான் கல்தான் வைக்கிறார்கள். அதைப் பாராட்ட வேண்டும்.

தொட்டிக்குள் என்ன வைக்கிறோம் என்பதில்தான் அந்த விலங்கின் நாட்கள் எப்படிப் போகும் என்பது இருக்கிறது. செட்டில் பிளாஸ்டிக் பவளமும் ஒரு மூழ்கிய கப்பல் பொம்மையும் தருகிறார்கள். இரண்டையும் எடுத்துவிடுங்கள், கப்பலின் பெயின்ட் உரியும். ஆக்டோபஸுக்கு முதலில் வேண்டியது தன் உடம்பு இறுக்கமாகப் பொருந்துகிற இருட்டுப் பொந்து. மானாமதுரை மண்பாண்டம் இதற்கு மிக நல்லது: வாய் குறுகிய சின்னக் கலயம், வண்ணம் பூசாதது, நன்றாகச் சுட்டது. தட்டினால் கணீரென்று கேட்க வேண்டும். ஒரு வாரம் தண்ணீரில் போட்டுக் கரைகிறதா என்று பார்த்துவிட்டு, பாதி மணலில் புதைகிற மாதிரி படுக்க வையுங்கள். இரண்டு மூன்று வேறு வேறு அளவில் வைத்தால் அதுவே ஒன்றைத் தேர்ந்துகொள்ளும். கலயத்துக்கு எதிரே கூழாங்கல்லும் கிளிஞ்சலும் ஒரு கைப்பிடி போட்டு வையுங்கள். ஒவ்வொன்றாக இழுத்து வந்து வாசலில் அடுக்கிச் சுவர் கட்டிக்கொள்ளும். இந்தச் சுவர் இருந்தால் விளிம்பில் ஏறித் திரிவது குறையும். ஒளிய இடமில்லாத, செய்ய வேலையில்லாத ஆக்டோபஸ்தான் ஓயாமல் மூடியைத் துருவுகிறது.

கொட்டாங்குச்சியும் வைக்கலாம், சாயம் இறங்கும்வரை வேகவைத்து, தண்ணீர் மாற்றி மாற்றி ஊறவைத்த பிறகு. இந்தோனேசியக் கடலில் ஓர் ஆக்டோபஸ் இனம் பாதித் தேங்காய் ஓடுகளைத் தூக்கிக்கொண்டு கடலடி மணலில் நடந்துபோய், தேவைப்படும்போது கவிழ்த்து உள்ளே ஒளிந்துகொள்வதை 2009இல் ஆய்வாளர்கள் பதிவு செய்தார்கள். பிறகு வேண்டும் என்று ஒரு பொருளை எடுத்துச் சுமப்பது முதுகெலும்பில்லாத உயிர்களில் அரிது. அந்த இனம் நம் கடலிலும் உண்டு. அது மணலில் புதைகிற வகை, ஆகவே மணல் இரண்டரை அங்குலமாவது இருக்கட்டும்.

அடுத்தது பாட்டில் வேலை. வாய் அகன்ற கண்ணாடி ஊறுகாய் பாட்டில், பிளாஸ்டிக் மூடி. தகர மூடி துருப்பிடிக்கும். மூடியில் நான்கைந்து சின்னத் துளை போட்டால் நண்டின் வாசம் வெளியே வரும். முதலில் மூடியே இல்லாமல் உள்ளே நண்டை விட்டுக் கொடுங்கள். அடுத்து மூடியை மேலே சும்மா வையுங்கள். பிறகு அரைச் சுற்று, பிறகு ஒரு முழுச் சுற்று. ஒரே நாளில் முழுதாக இறுக்கிக் கொடுத்தால் கொஞ்ச நேரம் முயன்று கைவிட்டுவிடும், மறுபடி கிட்டவே வராது. பழகியபின் நடப்பதைப் பக்கத்திலிருந்து பார்க்க வேண்டும்: கைகளுக்கிடையே இருக்கும் சவ்வால் பாட்டிலை முழுக்கப் போர்த்திக்கொள்ளும், உடம்பு ஒரு கணம் வெளுத்துக் கருக்கும், மூடியைப் பிடித்த உறிஞ்சிகள் ஒவ்வொன்றாக இடம் மாறும், மூடி கால் அங்குலம் திரும்பும். இரண்டு கை அடிப்பாகத்தை அசையாமல் பிடித்துக்கொண்டிருக்கும். பார்த்துக் கற்கும் திறனும் உண்டு; 1992இல் நேப்பிள்ஸில் நடந்த சோதனையில், பழக்கப்பட்ட ஆக்டோபஸ் இரண்டு பந்தில் எதைத் தொடுகிறது என்று கண்ணாடிக்கு அப்பாலிருந்து பார்த்தவையும் அதே பந்தைத் தேர்ந்தன. மிதக்கும் பாட்டிலைத் தண்ணீர் பீய்ச்சித் தள்ளி, அது திரும்பி வந்ததும் மறுபடி தள்ளி விளையாடுவதைச் சியாட்டில் மீன்காட்சியகத்தில் பார்த்து 1999இல் எழுதினார்கள். எட்டில் இரண்டு மட்டுமே அப்படிச் செய்தன. ஒவ்வொன்றுக்கும் ஒரு குணம். உங்களிடம் வருவது பாட்டிலைச் சீண்டாத வகையாகவும் இருக்கலாம். அதைத் தொந்தரவு செய்யாதீர்கள்.

தீனிக்குக் கடை தருவது மீன் குருணை. அதைத் தொடவே தொடாது. நண்டு, இறால், மட்டி மூன்றும் மாறி மாறி வேண்டும். ஒரு நாளைக்கு உடல் எடையில் சுமார் 5 விழுக்காடு என்று தொடங்குங்கள், மிச்சம் வைத்தால் குறையுங்கள். மீன் மார்க்கெட்டில் அன்று வந்த கடல் நண்டு, ஓட்டோடு இருக்கும் இறால் வாங்கிக் கழுவி, ஒரு வேளை அளவாகப் பிரித்து ஃப்ரீசரில் வைத்துக்கொள்ளலாம். உரித்துப் பளபளப்பாக இருக்கும் இறால் வேண்டாம், ரசாயனத்தில் ஊறவைத்ததாக இருக்கலாம். உயிர் நண்டு வேண்டுமென்று வயல் நண்டு பிடித்துப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். வயலில் அடித்த பூச்சிமருந்து நண்டோடு தொட்டிக்குள் வந்துவிடும். தின்ற பின் நண்டு ஓடுகளைப் பொந்து வாசலில் வீசியிருக்கும். காலையில் இடுக்கியால் எடுத்துவிடுங்கள், இல்லையென்றால் மாலைக்குள் அம்மோனியா ஏறும்.

பூச்சிமருந்து என்றதும் சொல்ல வேண்டியது: தொட்டி இருக்கும் அறையில் கொசுவிரட்டி லிக்விட், கொசுவத்தி எதுவும் கூடாது. அவற்றிலிருக்கும் மருந்து நீர்வாழ் உயிர்களுக்குக் கடும் விஷம். ஏர் பம்ப் அறைக்காற்றை அப்படியே இழுத்துத் தண்ணீரில் ஊதும். ஜன்னலுக்கு வலை அடியுங்கள். தொட்டிக்குள் கைவிடும் முன் சோப்பு இல்லாமல் வெறும் தண்ணீரில் முழங்கை வரை கழுவுங்கள். தொடுவதெல்லாம் அதற்குச் சுவை.

கடை கொடுக்கும் ஆக்டோபஸ் எந்த இனம் என்று கேட்டால் “பேய்க்கணவாய்தாண்ணே” என்பதோடு சரி. அது ஆக்டோபஸுக்கே பொதுப்பெயர். இனம் தெரியாமல் வாங்கக் கூடாது. நம் பக்கம் வலையில் வரும் சின்ன மணல்வாழ் இனங்களுக்கு இந்தத் தொட்டி ஒப்பும். பகலில் வேட்டையாடும் பெரிய இனம் கைகளை விரித்தால் ஒரு மீட்டருக்கு மேல் போகும். மூன்றடித் தொட்டியில் அதை அடைப்பது கொடுமை. உடம்பில் நீல வளையம் பளிச்சிடும் சின்னது எதையும் வீட்டுக்குள்ளேயே கொண்டுவராதீர்கள். அதன் கடியிலிருக்கும் டெட்ரோடோடாக்சினுக்கு முறிவு மருந்து இல்லை. மூச்சு நின்றவரைச் செயற்கை சுவாசத்தில் வைத்திருப்பது ஒன்றே வழி.

வயதும் பார்க்க வேண்டும். வெப்பக் கடல் இனங்கள் பெரும்பாலும் ஒன்று, ஒன்றரை வருடம்தான் வாழும். கடைக்கு வருவது முழு வளர்ச்சி அடைந்தது என்றால் மிச்சம் இருப்பது சில மாதமே. பெண் முட்டையிட்டால் தின்பதை நிறுத்திவிட்டு, முட்டைகளுக்குத் தண்ணீர் ஊதிக் காத்துக் கிடந்து, குஞ்சு பொரிந்ததும் இறந்துபோகும். இது வளர்ப்பவர் குற்றம் இல்லை. கண்ணுக்குப் பின்னாலிருக்கும் சுரப்பி ஒன்றின் வேலை என்பது 1977இலேயே தெரியும். அந்தச் சுரப்பியை எடுத்துவிட்ட பெண் ஆக்டோபஸ்கள் மறுபடி தின்று கூடுதல் நாள் வாழ்ந்தன. தோலில் வெள்ளைப் புண், நிறம் மாற்ற முடியாமல் வெளுத்தே இருப்பது, பகலிலும் குறியில்லாமல் அலைவது, நண்டைக் கண்டும் அசையாமல் இருப்பது எல்லாம் மூப்பின் அடையாளம். இந்த நிலையில் இருப்பதைச் ‘சாதுவா இருக்கு, கைக்கு வரும்’ என்று காட்டி விற்பதை ஏற்க முடியாது.

‘பத்து நாளைக்குள் செத்தால் வேறு தருவோம்’ என்பது கடையின் உத்தரவாதம். கண்ணாடிக்கும் மோட்டாருக்கும் உத்தரவாதம் சரி. ஆனால் உயிர் அப்படி மாற்றித் தருகிற பொருள் இல்லை. பிரிட்டன் 2022இல் கொண்டுவந்த சட்டம் ஆக்டோபஸை வலியும் துன்பமும் உணரும் உயிர்களோடு சேர்த்திருக்கிறது. அதே மூடி, அதே சூடு, அதே தண்ணீருக்குள் இரண்டாவதை விட்டால் அதற்கும் அதே கதிதான். உத்தரவாதம் வாங்குகிறவருடைய பணத்தைத்தான் காக்கிறது.

பதினைந்து நாள் சர்வீஸ் உண்மையிலேயே நன்றாக இருக்கிறது. சொன்ன நாளில் வருகிறார்கள், ஸ்கிம்மர் கழுத்தைக் கழற்றித் தேய்க்கிறார்கள், மோட்டாரின் இறக்கையை எடுத்துச் சுண்ணாம்பை நீக்குகிறார்கள். ஆனால் வலையும் வாளியும் ஹோஸும் வீடு வீடாக அதேதான் போகிறது. முந்தின வீட்டில் செம்பு மருந்து ஊற்றிய தொட்டியில் நனைத்த வலை உங்கள் தொட்டிக்குள் இறங்கக் கூடாது. உங்களுக்கென்று ஒரு வாளி, ஒரு வலை, ஒரு ஹோஸ் வாங்கித் தொட்டிக்கு அடியிலேயே வைத்துவிடுங்கள். செம்பு பார்க்கும் டெஸ்ட் கிட் ஒன்றும் வையுங்கள். வேலை முடிந்து அவர்கள் கிளம்பும் முன் கிளாம்ப் நான்கும் மாட்டியிருக்கிறதா என்று நீங்களே தொட்டுப் பாருங்கள். தப்பிக்கிற ஆக்டோபஸ் பெரும்பாலும் தப்பிப்பது இந்தச் சுத்தம் செய்த இரவில்தான்.

வாங்குவது என்று முடிவெடுத்தால் செட்டிலிருந்து அக்ரிலிக் மூடி, ஹைட்ரோமீட்டர், பாக்டீரியா பாட்டில், கப்பல் பொம்மை, ஆக்டோபஸ் எல்லாவற்றையும் கழித்து விலை கேளுங்கள், கழித்துத் தருகிறார்கள். அந்தத் தொகையைச் சில்லரில் போடுங்கள். மூன்று மாதம் தொட்டி ஓடி, பரிசோதனையில் அம்மோனியாவும் செம்பும் பூஜ்ஜியம் என்று வந்தபிறகு, சின்னதாக, நண்டைக் கண்டதும் நிறம் மாறிப் பாய்கிற ஒன்றாகச் சொல்லி வையுங்கள். மார்கழி, தை வசதி, வழியில் சூடேறாது. கடற்கரையிலிருந்து மதுரைக்கு மூன்று நான்கு மணி நேரப் பயணம், ஆக்சிஜன் அடைத்த பையில் வரும். பை கைக்கு வந்ததும் தண்ணீர் கறுத்திருக்கிறதா என்று பாருங்கள். கறுத்திருந்தால், அதே உப்பளவும் சூடும் உள்ள சுத்தமான கடல்நீரை ஊற்றி மையைப் போக்குவது முதல் வேலை. பிறகு வாளியில் விட்டு, மூடி போட்டு, ஏர் கல் ஓடவிட்டு, தொட்டித் தண்ணீரைச் சொட்டுச் சொட்டாக இரண்டு மூன்று மணி நேரம் இறக்கிப் பழக்க வேண்டும். வாளிக்கும் மூடி இறுக்கமாக இருக்க வேண்டும்.